மூச்சடக்கும் காட்சி

மெஷினை நிறுத்தினால் வீடு அமைதியாகிவிடும். வீடு அமைதியானால், பின்னால் சோபாவில் படுத்திருப்பவர் மூச்சு விடுகிறாரா இல்லையா என்பது தெரிந்துபோகும். அதனால் அவள் மிதியிலிருந்து காலை எடுக்கவில்லை. திரைச்சீலையின் நாலு ஓரத்தையும் மடித்து அடித்தாயிற்று. அடித்த ஓரத்தின் மேலேயே மறுபடி ஒரு தையல் ஓட்டிக்கொண்டிருந்தாள். அவளிடம் வேலை பழகிய பெண்களில் யாராவது இப்படி ஒன்றின் மேல் ஒன்றாக அடித்திருந்தால் ஸ்கேலை எடுத்துக் கையில் ஒன்று போட்டிருப்பாள்.

திரும்பிப் பார்க்க ஒரு நொடி போதும். அந்த ஒரு நொடிக்குத்தான் தைரியம் வரவில்லை.

காலையில் டீயைப் போட்டு சோபாவுக்கு முன்னால் ஸ்டூலில் வைத்துவிட்டு, அவள் ஜன்னலோரம் வந்து மெஷினில் உட்கார்ந்தாள். சாயங்காலத்துக்குள் கொடுக்க வேண்டிய வேலை. குளியலறையிலிருந்து அவர் வந்தார். சோபா ஸ்பிரிங் கிறீச்சென்றது. அப்புறம் டீ கிளாஸை எடுக்கும் சத்தம் வரவில்லை. அரைவாசி திரும்பினாள். சோபா விளிம்பிலிருந்து ஒரு கை தரையைத் தொட்டபடி தொங்கிக்கொண்டிருந்தது. அவ்வளவுதான் பார்த்தாள். அதற்கே பற்றிக்கொண்டு வந்தது.

"போதும் உங்க நடிப்பு. டீ ஆறுது," என்றாள்.

பதில் வரவில்லை. பதில் வராமலிருப்பதுதான் அந்த நடிப்பின் விசேஷமே. அவளும் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு மெஷின் பக்கம் திரும்பிவிட்டாள்.

கட்டின புருஷன் கையைத் தொங்கப்போட்டுக் கிடக்கும்போது எந்தப் பெண்டாட்டி இப்படிச் சொல்லிவிட்டு வேலையைப் பார்ப்பாள் என்று கேட்கலாம். கேட்கத்தான் போகிறார்கள். ஆனால் இந்த வீட்டில் அந்தக் கைக்கு ஒரு கதை உண்டு.

அவர் சினிமாவில் லைட்மேன். யூனிட்டில் அவரை 'லைட்டு' என்றால்தான் தெரியும். அவள் நடிகர்களுக்குத் துணி தைக்கிறவள். ரெண்டு பேரும் சேர்ந்து ஒரே ஒரு படத்தில் நடித்திருந்தார்கள். அதுவும் ஆள் கிடைக்காத கொடுமையால். ஒரு நீர்த்தேக்கத்தின் கரையில், சுற்றுவட்டாரத்தில் ஈ காக்கை இல்லாத இடத்தில், ஒரு பம்ப் ஹவுஸ். அதற்கு ஒரு காவல்காரன், அவனுக்கு ஒரு மனைவி. படம் முழுக்க அவர்கள் இரண்டு பேர்தான். பக்கத்தில் பக்கத்தில் இருந்தும் ஒருத்தரை ஒருத்தர் தொட முடியாமல் தவிப்பதுதான் கதை. நடிக்க வந்த ஹீரோவும் ஹீரோயினும் வெந்நீர் இல்லை, கொசு கடிக்கிறது என்று மூன்றாம் நாளே மூட்டையைக் கட்டிவிட்டார்கள். டைரக்டர் ஒரு தாடிக்காரர். அந்தத் தாடியைச் சொறிந்துகொண்டே யூனிட்டை ஒரு சுற்றுப் பார்த்தார்.

"லைட்டு, நீ நில்லு. அந்தத் தையல் பொண்ணையும் கூப்பிடு. வெளிச்சம் எங்க விழும்னு உனக்குத் தெரியும். துணி அவளுக்கு அளவா இருக்கும். வேற என்னய்யா வேணும் நடிப்புக்கு?"

அப்படித்தான் அவர் தனக்குத் தானே விளக்கை வைத்துவிட்டு ஓடிவந்து தானே அந்த வெளிச்சத்தில் நின்றார். அவள் தன் சட்டையின் தோளைத் தானே பிடித்துத் தைத்துப் போட்டுக்கொண்டாள். முதல் இரண்டு நாள் இருவருக்கும் சிரிப்பு தாங்கவில்லை. அப்புறம் மெல்ல மெல்லச் சிரிப்பு நின்றுபோயிற்று. கேமராவுக்கு முன்னால் அவர் அவளைத் தொடாமல் இருக்கும் நேரமெல்லாம், தொட்டுவிட்டதுபோலவே அவள் கூனிக் குறுகினாள்.

கடைசிக் காட்சியில் காவல்காரன் கட்டிலில் கிடக்கிறான். ஒரு கை தரையில் தொங்குகிறது. செத்துவிட்டானா, செத்ததுபோல நடிக்கிறானா என்று மனைவிக்குத் தெரியாது. வாசலில் இருந்து அவள் நடந்து வந்து, குனிந்து, அவன் நெஞ்சில் காதை வைத்துக் கேட்க வேண்டும். படத்தில் முதல் தடவையாக அப்போதுதான் தொடுகிறாள். எழுதியிருந்தது அப்படித்தான். அவளுக்கோ கல்யாணமாகாத வயது, சுற்றிலும் ஆண்கள் கையைக் கட்டிக்கொண்டு வேடிக்கை பார்க்கிறார்கள். வாசற்படியிலேயே கால் ஒட்டிக்கொண்டுவிட்டது. "வாம்மா, வா, வா," என்று தாடிக்காரர் கெஞ்சிக்கொண்டே இருந்தார். லைட்டு மூச்சை அடக்கிக்கொண்டு கிடந்தார். மூச்சடக்குவதில் மனிதர் மகா கெட்டிக்காரர். கேமராவில் ஃபிலிம் தீர்ந்தது. கையில் வேறு ரோல் இல்லை. தாடிக்காரர், "இதுதான் முடிவு," என்றார். படம் ஒரே ஒரு தியேட்டரில் ஒரு வாரம்கூட ஓடவில்லை. தாண்டவே முடியாத தூரத்தை வாசற்படியில் நிறுத்திக் காட்டிவிட்டார் என்று பத்திரிகையில் ஒருவர் எழுதினார். ஃபிலிம் தீர்ந்துபோன கதை அந்தப் புண்ணியவானுக்கு எப்படித் தெரியும்!

கல்யாணமாகி முதல் மாதம், ஒரு மத்தியானம், அவர் அதேபோலக் கிடந்தார். கை தரையில் தொங்கியது. அவள் வாசலிலேயே நின்று பார்த்தாள். பிறகு நடந்து போய்க் குனிந்து நெஞ்சில் காதை வைத்தாள். சட்டென்று இரண்டு கைகளாலும் வளைத்துப் பிடித்துக்கொண்டார். 'அய்யோ' என்று கத்தியதும் அவர்தான். தையல்காரிகளின் வழக்கப்படி அவள் சட்டையில், நெஞ்சுக்கு நேராக, வரிசையாகக் குண்டூசி குத்தியிருந்தாள். அதில் ஒன்று அவர் தாடையைப் பதம் பார்த்துவிட்டது. அவர் மூக்குக் கண்ணாடியும் அவள் நெற்றி இடித்து உடைந்தது. அதற்கு அடுத்த தடவையிலிருந்து அவர் அப்படிப் படுப்பதற்கு முன் கண்ணாடியைக் கழற்றி, மடித்துத் துணிச் செருப்புக்குள் வைத்துவிடுவார். படப்பிடிப்பில் மேசை ஏது? விளக்குக் கம்பத்தில் ஏறும்போதெல்லாம் கண்ணாடியை ஷூவுக்குள் வைத்துவிட்டு ஏறுகிற பழக்கம். அவளும் நெஞ்சிலிருந்து குண்டூசிகளைப் பிடுங்கி வைத்துவிட்டுத்தான் பக்கத்தில் போவாள்.

வா என்று அவருக்குக் கூப்பிடத் தெரியாது. வரட்டுமா என்று அவளுக்குக் கேட்கத் தெரியாது. இரண்டு பேருக்கும் இருந்த ஒரே வழி அந்தப் பாழாய்ப்போன காட்சிதான். அதை வைத்துக்கொண்டு அவர்கள் ஒரு மகளைப் பெற்றார்கள், சந்தோஷமாகவும் இருந்தார்கள்.

பிறகு அவளுக்குக் கர்ப்பப்பையை எடுத்தார்கள். ஆஸ்பத்திரியிலிருந்து வந்த பிறகு உடம்பு தன்னுடையது மாதிரியே இல்லை அவளுக்கு. யாரோ அளவு தப்பித் தைத்துக் கொடுத்த துணி மாதிரி இருந்தது. அவர் இரண்டு மூன்று தடவை கையைத் தொங்கப்போட்டுப் பார்த்தார். "எழுந்திரிங்க, ஆளு வருவாங்க," என்று அவள் தாண்டிப் போனாள். கொஞ்ச நேரம் கிடந்துவிட்டுத் தானே எழுந்து, செருப்புக்குள்ளிருந்து கண்ணாடியை எடுத்து, ஊதித் துடைத்து மாட்டிக்கொள்வார். அந்த ஊதும் சத்தம் அவளுக்குச் சமையலறையில் கேட்கும். அப்புறம் அதுவும் நின்றது. ஹாலில்தான் காற்று வருகிறது என்று அவர் சோபாவில் படுக்க ஆரம்பித்தார். இவளை அவருக்குப் பிடிக்கவில்லை என்று இவள் நினைத்தாள். அவரை இவளுக்குப் பிடிக்கவில்லை என்று அவர் நினைத்தார். ஒரே வீட்டில் இரண்டு குடித்தனக்காரர்கள் மாதிரி வருஷங்கள் ஓடிவிட்டன.

போன வாரம் ஒரு பெண் போன் செய்தாள். சினிமா படிக்கிற பிள்ளைகளாம். அந்தப் படத்தின் பிரதி ஒன்று எங்கோ கிடைத்திருக்கிறது, திரையிடப் போகிறோம், ரெண்டு பேரும் வர வேண்டும் என்றாள். அவருக்குத் தலைகால் புரியவில்லை. இவள் வர முடியாது என்றுவிட்டாள். நேற்று அவர் தனியாகவே போனார். விளக்கேற்றும் நேரத்துக்குத் திரும்பி வந்தவர், செருப்பைக்கூடக் கழற்றாமல் மெஷின் பக்கத்தில் வந்து நின்றார்.

"தையக்காரி, உனக்கு ஒண்ணு தெரியுமா? கடைசி ஷாட்டுல நீ ஒரு அடி எடுத்து வைக்கிறே."

"என்னது?"

"ரோல் முடியறதுக்கு முன்னாடி. உன் கால் அசையுது. படியிலேருந்து உள்ள வருது. நான் கண்ண மூடிக் கிடந்தேனா, படம் ஓடினப்பவும் பாக்கல, எனக்கு இத்தன வருஷமா தெரியாமப் போச்சு. நீ வந்திருக்கே."

அவருடைய முகத்தில் அப்படி ஒரு வெளிச்சம். என்ன சொல்வதென்று தெரியாதபோதெல்லாம் அவளுக்கு வாய்த் துடுக்குதான் வரும்.

"மங்கலா தெரிஞ்சிருக்கும். மொதல்ல கண்ணாடிய மாத்துங்க," என்றாள்.

அவர் சிரித்தமாதிரி இருந்தது. அதற்கு மேல் பேச்சு வளரவில்லை.

அந்தப் பேச்சுக்குப் பதிலாகத்தான் இன்று காலை இந்தக் கை. அவளுக்கு அது புரியாமல் இல்லை. புரிந்ததால்தான் கோபம். இத்தனை வருஷம் கழித்து, நரைத்த தலையோடு, குனிந்தால் இடுப்புப் பிடித்துக்கொள்ளும் வயதில், என்ன விளையாட்டு? அதோடு ஓர் ஓரத்தில் பயமும் இருந்தது. போய்க் காதை வைத்து, அவர் வளைத்துப் பிடித்து, அதன் பிறகு பிடித்த கைக்கு ஏமாற்றமாகிவிட்டால்? எழுந்து போகலாமா என்று இரண்டு தடவை மெஷினை நிறுத்தினாள். இரண்டு தடவையும் மறுபடி ஓட்டினாள்.

முதல் ஓரம் முடியும்போது அவர் 'ஹ்ம்' என்று ஒரு சத்தம் போட்டார். முனகல் மாதிரி. அவள் சீக்கிரம் வரவில்லை என்றால் முன்பெல்லாம் அப்படி ஒரு முனகலைப் போட்டு இழுக்கப் பார்ப்பார். "பாச்சா பலிக்காது," என்று மனசுக்குள் சொல்லிக்கொண்டு மிதியை வேகமாக அழுத்தினாள்.

வெயில் ஏறி ஜன்னல் வழியாக உள்ளே வந்தது. தினமும் அது மெஷினைத் தாண்டி, தரையைத் தாண்டி, சோபாவின் தலைமாட்டுக்கு வந்துவிடும். மெஷினின் கைச்சக்கரம் தேய்ந்து தேய்ந்து பளபளவென்று இருக்கும். அதில் அவளுக்குப் பின்னால் இருக்கும் ஹால் குட்டியாக, வளைந்து தெரியும். அந்தச் சக்கரத்தில், ஒரு மஞ்சள் துண்டு வெயில் ஒரு வெள்ளைத் தலையின் மேல் விழுந்து கிடப்பதை அவள் பார்த்தாள்.

அவர் லைட்மேன். முகத்தில் நேர் வெளிச்சம் விழுந்தால் அவருக்கு ஆகவே ஆகாது. பேருந்தில்கூட வெயில் பட்டால் எழுந்து வேறு சீட்டுக்குப் போய்விடுகிற ஆள். தூக்கத்தில் பட்டாலும் "அந்தக் கட்டர வைய்யா" என்று, வெளிச்சத்தை மறைக்கும் தட்டியைக் கேட்டு உளறிக்கொண்டே புரண்டு படுப்பார். இப்போது அந்த மஞ்சள் நெற்றியில் இருந்து கண்ணுக்கு இறங்கியது. கண்ணில் இருந்து வாய்க்கு வந்தது. தலை அசையவில்லை.

அப்போதே எழுந்து ஓடியிருக்க வேண்டும். 'என்னங்க' என்று ஒரு வார்த்தை கத்தியிருக்க வேண்டும். அவள் செய்ததெல்லாம், உட்கார்ந்த இடத்தில் இருந்தே, திரும்பாமலே, இடது கையை நீட்டி ஜன்னல் திரையை இழுத்து விட்டதுதான். சக்கரத்தில் வெயில் அணைந்தது. அவர் முகத்தில் இப்போது வெயில் இல்லை என்ற ஒரு நிம்மதியோடு அவள் மிதித்தாள். நிறுத்தினால் தெரிந்துவிடும். தெரியாதவரைக்கும் அவர் நடித்துக்கொண்டிருக்கிறார். தெரியாதவரைக்கும் அவள் கோபத்தில் இருக்கிற ஒரு பெண்டாட்டி, அவ்வளவுதான்.

மத்தியானம் கீழ் வீட்டுக் கம்பவுண்டர் மேலே வந்தார். மருந்துக் கடையில் வேலை, சாப்பாட்டுக்கு வீட்டுக்கு வருவார். வாய் ஓயாத மனுஷன். வயசு வித்தியாசம் அதிகமில்லை என்றாலும் அவளை அக்கா என்றுதான் கூப்பிடுவார்.

"அக்கா, என் பேன்ட் நீளம் குறைச்சாச்சா? காலையிலேருந்து மெஷின் சத்தம் நிக்கவே இல்லையே, எந்தக் கோட்டைக்குத் திரை தைக்கறீங்க? அண்ணன் என்ன, இன்னும் தூக்கமா?"

"எழுப்பிப் பாருங்களேன்," என்றாள் அவள்.

அதைச் சொல்லும்போது தன் குரல் அத்தனை சாதாரணமாக வந்ததைப் பிறகு நினைத்தபோது அவளாலேயே நம்ப முடியவில்லை. தான் தொடப் பயந்ததை கீழ் வீட்டு மனுஷனைத் தொடச் சொல்லிவிட்டாள்.

"அண்ணே... நேத்து சினிமாவுக்குப் போனீங்களாமே... அண்ணே?"

பேச்சு நின்றது. கம்பவுண்டர் பேச்சை நிறுத்தி அவள் கேட்டதே இல்லை.

"அக்கா," என்றார் மெதுவாக. "மெஷின நிறுத்துங்க."

அவள் காலை எடுத்தாள். சக்கரம் தானாகக் கொஞ்சம் சுற்றி நின்றது.

அதற்குப் பிறகு எல்லாம் மளமளவென்று நடந்தது. கம்பவுண்டர் போனில் யார் யாரையோ கூப்பிட்டார். தெருமுனை கிளினிக்கிலிருந்து டாக்டரம்மா வந்தாள். சின்ன வயசு, சாந்தமான முகம். அவள் குனிந்து பார்த்தபோது இவள் மெஷின் நாற்காலியை விட்டு எழுந்திருக்கவில்லை. நாற்காலியை மட்டும் திருப்பிப் போட்டு உட்கார்ந்திருந்தாள். இப்போது அவர் முகம் தெரிந்தது. முகத்தில் கண்ணாடி இல்லை.

ஸ்டூலில் இல்லை. சோபாவில் இல்லை. தரையில் அவள் கண்ணுக்குப் பட்டவரை எங்கும் இல்லை. அவள் கண் அதற்கு மேல் கீழே இறங்க மறுத்தது. சோபாவுக்கு அடியில் அவருடைய வீட்டுச் செருப்பின் நுனி தெரிந்தது. மிச்சத் துணியில் முன்பக்கம் மூடினமாதிரி அவளே தைத்துக் கொடுத்த செருப்பு.

"கடைசியா எப்ப பேசினாரும்மா?" என்று கேட்டாள் டாக்டரம்மா.

"இப்பதான்... கொஞ்ச நேரத்துக்கு முன்னாடி," என்று வாய் தானாகச் சொல்லிவிட்டது.

டாக்டரம்மா தொங்கிய கையைத் தூக்கிப் பார்த்தாள். அது மடங்கவில்லை.

"இல்லம்மா, காலையிலயே போயிருக்காரு. உடம்பு விறைச்சிருக்கு. இதயம்தான். நீங்க வீட்டுலதான இருந்தீங்க?"

"மாடியில தைச்சிட்டிருந்தாங்க டாக்டர், எங்க வீட்டுக்கே கேட்டுச்சு சத்தம்," என்றார் கம்பவுண்டர், உதவி செய்கிற நினைப்பில். "ஒரு நிமிஷம்கூட நிக்கல."

டாக்டரம்மா அறையைச் சுற்றிப் பார்த்தாள். மாடியில் ஹால் ஒன்றுதான். மெஷினுக்கும் சோபாவுக்கும் நடுவில் ஒரு ஆள் கையை நீட்டிப் படுக்கலாம், அவ்வளவு இடம். அந்தப் பார்வை இவளிடம் வந்து நின்றது.

"வலிச்சிருக்குமா?" என்று இவளே கேட்டாள்.

"சொல்ல முடியாதும்மா. சில பேருக்குத் தூங்கற மாதிரியே போயிடும். சில பேரு துடிச்சுப்போய்க் கூப்பிடுவாங்க." கொஞ்சம் தயங்கினாள். "ஏதாவது சத்தம் கேட்டுதா?"

"மெஷின் ஓடிட்டிருந்துச்சு," என்றாள்.

பொய் இல்லை. ஆனால் அந்த 'ஹ்ம்' மறுபடி காதில் கேட்டது. அது வா என்ற முனகலா, காப்பாற்று என்ற முனகலா? கூப்பிட்டவரைப் பார்த்துத்தான் பாச்சா பலிக்காது என்றாளா? காலையில் தொங்கிய கை விளையாட்டுக்குத் தொங்கிய கையா, வலியில் விழுந்த கையா? போதும் உங்க நடிப்பு என்று அவள் சொன்னபோது அவர் காதில் அது விழுந்ததா? இனிமேல் இதையெல்லாம் யாரிடம் கேட்பது?

கேட்பதற்கு இருந்தது ஒன்றே ஒன்றுதான். கண்ணாடி. அது செருப்புக்குள் மடித்து இருந்தால் அவர் நடிக்கத்தான் படுத்தார். எங்காவது தெறித்துக் கிடந்தால் அவர் விழுந்தார். குனிந்து பார்த்தால் தெரிந்துவிடும். காலையிலிருந்து அவளைத் துரத்திக்கொண்டிருந்தது அந்தத் தெரிந்துவிடுவதுதான்.

டாக்டரம்மா கிளம்பிய பிறகு மகள் வந்தாள். ஊரின் மறுகோடியில் வேலை செய்கிறவள், அலுவலக அடையாள அட்டை கழுத்தில் தொங்க அப்படியே ஓடி வந்திருந்தாள். அப்பாவின் காலைப் பிடித்துக்கொண்டு அழுதாள். அழுது முடித்து மூக்கை உறிஞ்சிக்கொண்டு அம்மா பக்கத்தில் வந்து உட்கார்ந்தாள்.

"எப்டிம்மா? நீ இங்கயேதான இருந்தே?"

"இங்கதான் இருந்தேன்."

"பாக்கலையா?"

"பாத்தேன்."

மகள் ஒன்றும் புரியாமல் அவளைப் பார்த்தாள். எப்படிச் சொல்வது? பெற்ற மகளிடம் இதையெல்லாம் எந்த வாயால் சொல்வது?

"நடிக்கிறாருன்னு நினைச்சேன்டி," என்றாள். "உங்கப்பா அப்பப்ப அப்படிப் படுப்பாரு. நான் கிட்டப் போகணும்னு."

மகள் முகத்தில் என்னென்னவோ வந்து போயிற்று. திட்டுவாள் என்று இவள் தோளைக் குறுக்கிக்கொண்டாள். ஆனால் மகள் வேறு எதையோ நினைத்துக்கொண்டிருந்தாள்.

"ஒரு நாள் ஸ்கூல் சீக்கிரம் விட்டு வந்தேன். அப்பா கை தரையில தொங்கக் கிடக்கறாரு. நான் பயந்துபோய் 'அப்பா'ன்னு கத்தறேன். நீ என் கையில ஒரு ஊசியக் குடுத்து, கீழ் வீட்டுல திருப்பிக் குடுத்துட்டு வா, மெதுவா வான்னு தள்ளி விட்டே. கீழ் வீட்டு அத்தை, நான் ஊசியே வாங்கலியேன்னாங்க." சிரிப்பும் அழுகையும் ஒன்றாக வந்தது அவளுக்கு. "அதானா அது?"

இவளுக்கு வெட்கத்தில் தலை நிமிரவில்லை. இத்தனை வயசில், இந்த நாளில், வெட்கம்கூட வருகிறதே என்றிருந்தது.

அதற்குள் கீழே ஆஸ்பத்திரி வண்டி வந்துவிட்டதாகக் குரல் கேட்டது. கம்பவுண்டர் பரபரப்பானார். ஸ்ட்ரெச்சர் வர வழி வேண்டும் என்று ஸ்டூலை நகர்த்தினார். ஆறிப்போய் ஆடை படிந்த டீயை எடுத்துச் சமையலறையில் வைத்தார். பிறகு சோபாவுக்கு அடியில் இருந்த செருப்பைக் காலால் வெளியே தள்ளப் போனார்.

"தொடாதீங்க!"

தெருவுக்கே கேட்டிருக்கும். கம்பவுண்டர் ஒற்றைக் காலைத் தூக்கியபடியே நின்றுவிட்டார். ஸ்ட்ரெச்சரோடு படியேறி வந்த இரண்டு பேரும் வாசலிலேயே நின்றார்கள். காலையிலிருந்து வராத குரல் செருப்புக்கு வந்துவிட்டது.

"என்னம்மா?" என்றாள் மகள். "என்ன இருக்கு அங்க?"

"தெரியல," என்றாள் அவள். "அதான் பயமா இருக்கு."

மகள் எழுந்து போய் எல்லாரிடமும் ஏதோ சொன்னாள். கம்பவுண்டர் காலை இறக்கி, செருப்பைச் சுற்றிக்கொண்டு வெளியே போனார். ஸ்ட்ரெச்சர்க்காரர்கள் படிக்கட்டில் இறங்கி நின்றார்கள். மகள் வெளியே நின்றபடி கதவைச் சாத்தினாள்.

ஹாலில் அவர்கள் இரண்டு பேர்தான். பம்ப் ஹவுஸில் இருந்ததுபோல.

அவள் எழுந்து நின்றாள். நாள் முழுக்க மிதித்த கால் மரத்துப்போயிருந்தது. மெஷினைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அன்றைக்கும் அப்படித்தான் வாசல் நிலையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். ஒரு அடி எடுத்து வைத்தேனா? அவர் பார்த்தேன் என்றாரே. பொய் சொல்லத் தெரியாத மனுஷன். வைத்திருப்பேன், அப்படியானால் வைத்திருப்பேன்.

மெஷினை விட்டாள்.

சோபாவுக்கு முன்னால் மண்டியிட்டபோது முழங்கால் தரையில் இடித்தது. அவர் முகத்தைப் பார்க்காமல், குனிந்து கையை உள்ளே விட்டாள். முதலில் வலது செருப்பு வந்தது. விரலை விட்டுத் துழாவினாள். வெறும் துணி. இடது செருப்பு இன்னும் கொஞ்சம் உள்ளே, சுவரோரமாக இருந்தது. அதை இழுக்கும்போது உள்ளே ஏதோ லேசாக இடித்துச் சத்தம் போட்டது.

இரண்டு காம்பும் மடித்து, கீறல் விழாதபடி கண்ணாடிப் பக்கம் மேலே இருக்க, அவர் வைக்கிற மாதிரியே வைத்திருந்தார்.

விழவில்லை. படுத்திருக்கிறார். அப்பாடா என்று நெஞ்சைப் பிடித்துக்கொண்டாள். அந்த 'அப்பாடா' முழுசாக வெளியே வருவதற்குள் மற்றது வந்து அடித்தது. படுத்திருக்கிறார். கண்ணாடியைக் கழற்றி, பத்திரமாக வைத்துவிட்டு, மூச்சை அடக்கிக்கொண்டு அவள் காலடிச் சத்தத்துக்குக் காத்திருந்திருக்கிறார். மெஷின் சத்தம்தான் கேட்டுக்கொண்டே இருந்திருக்கிறது.

கதவுக்கு அந்தப் பக்கம் கம்பவுண்டர் மெல்லிய குரலில், "வண்டி ரொம்ப நேரம் நிக்காதும்மா," என்பதும், "நிக்கட்டும் அங்கிள்," என்று மகள் சொல்வதும் கேட்டது.

அவள் கண்ணாடியை எடுத்தாள். பழக்கப்பட்ட மாதிரி ஊதினாள். சட்டை நுனியால் இரண்டு பக்கமும் துடைத்து, மடித்து, மறுபடி செருப்புக்குள்ளேயே வைத்தாள். செருப்பைத் தன் முழங்கால் படாத தூரத்துக்குச் சுவரோரம் தள்ளினாள். பிறகு தன் நெஞ்சைக் குனிந்து பார்த்தாள். காலையில் வேலைக்கு உட்கார்ந்தபோது வரிசையாகக் குத்திக்கொண்ட குண்டூசிகள். ஒவ்வொன்றாகப் பிடுங்கி, கையை நீட்டி, செருப்புக்குள் கண்ணாடிக்குப் பக்கத்தில் போட்டாள்.